மேஜையிலிருந்து பாத்திரத் தொட்டிக்கு

கேள்வி:

ஐயா, கோவையில் 14 ஆண்டுகளாக உணவகம் நடத்துகிறேன். 22 பேர் வேலை செய்கிறார்கள். அதில் 13 பேர் வெளிமாநிலத்தவர். உள்ளூரில் பரிமாற ஆள் கிடைத்து வெகுநாளாகிவிட்டது.

போன மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை இரவு, கூட்டம் நெரிகிற நேரம். ஒரு குடும்பத்தில் ஐந்து பேர் சாப்பிட்டுக்கொண்டிருந்தார்கள். பெரியவர் சாம்பார் கேட்டிருக்கிறார். எங்கள் சப்ளையர் பையன், மணிப்பூரோ மிசோரமோ அந்தப் பக்கத்துக்காரன், இந்தியில் 'ஒரு நிமிடம்' என்று சொல்லிவிட்டுப் போய்ச் சட்னி கொண்டுவந்து வைத்தான். பெரியவர் எழுந்து நின்று, "தமிழ் தெரியாத சீனாக்காரனுக்கெல்லாம் இங்கே என்ன வேலை? வந்த வழியே ஓடு" என்று கத்தினார். பக்கத்து மேஜையில் இரண்டு பேர் கை தட்டினார்கள். ஒருவர் கைபேசியில் படம் பிடித்தார். நான் ஓடிப்போய் மன்னிப்புக் கேட்டேன். பையனையும் கேட்கச் சொன்னேன். அவர்கள் 860 ரூபாய் பில்லைக் கட்டாமலே போய்விட்டார்கள். மேலாளர் அதைப் பையன் கணக்கில் எழுதினார். நான் தடுக்கவில்லை. மறுநாளிலிருந்து அவனைப் பாத்திரம் கழுவும் இடத்துக்கு மாற்றிவிட்டேன். அவன் பாதுகாப்புக்காகத்தான்.

அடுத்த வாரமே நேர்மாறாக ஒன்று நடந்தது. கல்லாவில் இருக்கும் எங்கள் ஊர்ப் பெண்ணிடம் வடக்கிலிருந்து வந்த ஒருவர், "இந்தி தெரியாதா? அது தேசிய மொழி. நீயெல்லாம் இந்தியரா?" என்று சத்தம் போட்டார். அந்தப் பெண் அழுதுவிட்டாள். கல்லூரியில் படிக்கும் என் மகன், "தமிழ் ஆட்களை மட்டும் வைத்துக்கொள்வோம் அப்பா, வாசலிலேயே போர்டு மாட்டிவிடலாம்" என்கிறான். நான் ஆண்டுதோறும் மொழிப்போர் தியாகிகளுக்கான ஜனவரி 25 வீரவணக்கக் கூட்டத்துக்குப் போகிறவன். மொழி என்றால் எனக்கும் இரத்தம் சூடாகும். ஆனால் பாத்திரத் தொட்டியைக் கடக்கும்போது அந்தப் பையன் முகத்தைப் பார்க்க முடியவில்லை. அசாமில் சில்சார் பக்கத்திலிருந்து வந்த இன்னொரு பையன், "நானும் உள்ளே போய்விடட்டுமா அண்ணா?" என்று கேட்கிறான். நான் செய்தது தவறா? இனி என்ன செய்வது?

— பெயர் வெளியிட விரும்பாத வாசகர், கோவை

பதில்:

அன்புள்ள வாசகருக்கு,

தவறுதான். அதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். நீங்களும் அதைத் தெரிந்துகொண்டுதான் எழுதியிருக்கிறீர்கள். முகத்தைப் பார்க்க முடியவில்லை என்ற வரியைத் தெரியாதவர் எழுத மாட்டார்.

உணவகங்களுக்குப் பணியாளர் பயிற்சி கொடுப்பது இப்போது என் தொழில். அதற்கு முன் 19 ஆண்டுகள் மேஜை துடைப்பதில் தொடங்கி மேலாளர் வரை ஹாலிலேயே நின்றவன். 1991-இல் பெங்களூரில் ஓர் உணவகத்தில் சப்ளையராக இருந்தேன். எனக்கு அப்போது வயது 19. காவிரி நடுவர் மன்றம் அந்த ஆண்டு ஜூன் மாதம் கொடுத்த இடைக்கால உத்தரவு டிசம்பர் 11-ஆம் தேதி மத்திய அரசிதழில் வெளியானது. மறுநாள் ஊர் பற்றி எரிந்தது. தமிழ்ப் பெயர்ப்பலகை இருந்த கடைகள், தமிழர் குடியிருப்புகள், தமிழ்நாட்டுப் பதிவெண் வண்டிகள் எதுவும் தப்பவில்லை. எங்கள் முதலாளி நல்லவர், கன்னடக்காரர். கலவரத்துக்குப் பிறகு கடையைத் திறந்த முதல் நாள் என்னைக் கூப்பிட்டு, "நீ கொஞ்ச நாள் உள்ளேயே இரு, வாயைத் திறக்காதே" என்றார். அவர் சொன்னதும் என் பாதுகாப்புக்காகத்தான். மாவாட்டும் இடத்தில் மூன்று மாதம் கழிந்தது. ஊர் அடங்கிய பிறகும் யாரும் என்னை வெளியே கூப்பிடவில்லை. வெளியே எனக்குக் கிடைத்துவந்த டிப்ஸ் போயிற்று. அதைவிட, கன்னடம் பேசப் பழகிக்கொண்டிருந்த நாக்கும் நின்றுவிட்டது. மாவுக்கல்லிடம் எந்த மொழியைப் பேசிப் பழகுவது?

ஆகவே 'பாதுகாப்புக்காக' என்ற சொல்லை நான் எளிதில் நம்புவதில்லை. அந்த ஞாயிற்றுக்கிழமை யார் என்ன இழந்தார்கள் என்று கணக்குப் போட்டுப் பாருங்கள். திட்டியவருக்கு உங்கள் மன்னிப்பும் கிடைத்தது, இலவசச் சாப்பாடும் கிடைத்தது. கை தட்டியவர்களுக்குத் தாங்கள் கை தட்டியது சரிதான் என்ற சான்றிதழ் கிடைத்தது. திட்டு வாங்கியவருக்கு 860 ரூபாய் நட்டம், டிப்ஸ் நட்டம், ஹாலில் இருந்த இடமும் போயிற்று. நீங்கள் 'பையன்', 'அவன்' என்று எழுதுகிறீர்கள். வயதில் சிறியவர் என்ற உரிமையில் என்று எடுத்துக்கொள்கிறேன். நான் 'அவர்' என்றே எழுதுகிறேன்.

உங்கள் மனதில் சிக்கிக் கிடப்பது ஒரு விஷயம்போலத் தெரிந்தாலும் அதற்குள் மூன்று இருக்கின்றன. பெரியவருக்கு சாம்பார் வரவில்லை. பெரியவர் 'சீனாக்காரன்' என்றார். இந்த ஊரில் இந்தி நுழைகிறதே என்ற கோபம் உங்களுக்கும் இருக்கிறது, அவருக்கும் இருக்கிறது. மூன்றையும் சேர்த்துப் பிசைந்ததால்தான் உங்களுக்கு யார் பக்கம் நிற்பது என்று தெரியவில்லை.

சாம்பாரிலிருந்து தொடங்குவோம். கோவையில் காசு கொடுத்துச் சாப்பிட உட்கார்ந்தவர் தமிழில் சாம்பார் கேட்டால் சாம்பார் வர வேண்டும். அது அவருடைய நியாயமான எதிர்பார்ப்பு. வரவில்லையென்றால் குற்றம் யாருடையது? தமிழில் ஒரு சொல்கூடச் சொல்லிக்கொடுக்காமல், ஞாயிற்றுக்கிழமை இரவுக் கூட்டத்தில் அவரை மேஜைக்கு அனுப்பியவர் நீங்கள். ரயிலிலிருந்து இறங்கியவரிடம் சீருடையையும் வாளியையும் கொடுத்து, மூன்றாம் நாள் ஹாலில் நிறுத்துவதுதான் இப்போது எல்லா ஊரிலும் வழக்கமாகிவிட்டது. பயிற்சிக் காலச் சம்பளம் மிச்சம் என்று கணக்கு. அந்த மிச்சத்தின் விலையை வாடிக்கையாளரும் சப்ளையரும் ஒருவரையொருவர் முறைத்துக்கொண்டு கட்டுகிறார்கள். பெரியவர் "ஏன்யா, தமிழ் தெரிந்த ஒருவரையாவது வைக்கக் கூடாதா?" என்று உங்களிடம் வந்து கேட்டிருந்தால் நான் அவர் பக்கம்.

அவர் அப்படிக் கேட்கவில்லை. முகத்தைப் பார்த்து நாட்டைச் சொன்னார். இரண்டாவது விஷயம் இதுதான், இதில் பேரத்துக்கு இடமில்லை.

வடகிழக்கிலிருந்து வருகிறவர்களுக்கு இது புதிதல்ல. 2014 ஜனவரியில் டெல்லி லாஜ்பத் நகரில் அருணாசலப் பிரதேச மாணவர் நிடோ தானியா ஒரு கடையில் வழி கேட்கப் போனார். அவருடைய முடியின் நிறத்தைக் கடைக்காரர்கள் கேலி செய்தார்கள். கைகலப்பானது. அடி வாங்கியவர் மறுநாள் இறந்துபோனார். உயிர் போகும் வரை போனது, கடையில் முடியைப் பார்த்துச் சொன்ன ஒரு கேலியில் தொடங்கியது. அதன் பிறகு மத்திய அரசு அமைத்த பெஸ்பருவா குழு, இனத்தைச் சொல்லி இழிவுபடுத்துவதற்குத் தண்டனைச் சட்டத்தில் தனிப்பிரிவு வேண்டும் என்று பரிந்துரைத்தது. 2024 ஜூலை 1-இல் நடைமுறைக்கு வந்த புதிய தண்டனைச் சட்டமான பாரதிய நியாய சன்ஹிதாவிலும் அந்தப் பிரிவு இடம்பெறவில்லை. கொரோனாப் பொதுமுடக்கம் தொடங்கிய 2020 மார்ச்சில், மைசூரில் நாகாலாந்து இளைஞர்கள் இருவரைப் பல்பொருள் அங்காடி ஒன்று முகத்தைப் பார்த்தே உள்ளே விடவில்லை. இவர்களுக்கு அரிசி பருப்பு விற்பதற்குக்கூட அடையாள அட்டை பார்த்தவர்கள் நாம்.

உங்கள் கடிதத்தில் என்னை அதிகம் உறுத்திய இடம் பெரியவரின் வசை அல்ல. "மணிப்பூரோ மிசோரமோ" என்ற உங்கள் வரி. அவருடைய ஆதார் நகல் உங்கள் மேஜை இழுப்பறையில் இருக்கும். எடுத்துப் பாருங்கள். யாரோ ஒருவர் நம்மை "மதராசியோ மலையாளியோ" என்றால் எப்படி இருக்கும்? அவர் மிசோரம் என்றால் தாய்மொழி பெரும்பாலும் மிசோவாக இருக்கும். மணிப்பூர் என்றால் மெய்தியாக இருக்கலாம், குகி, நாகா மொழிகளில் ஒன்றாகவும் இருக்கலாம். எதுவாக இருந்தாலும் இந்தி அல்ல. மணிப்பூரில் 2000-ஆம் ஆண்டு ஓர் ஆயுதக் குழு இந்திப் படங்களைத் திரையிடவே தடை போட்டது. அவர்கள் வழிமுறை உங்களுக்கும் எனக்கும் உடன்பாடில்லை, ஆனால் அந்த ஊரிலும் இந்தி ஒரு வெளிமொழி என்பது அதில் தெரிகிறது. அப்படிப்பட்ட ஊர்க்காரர் உங்கள் ஹாலில் நின்று, தனக்கும் சொந்தமில்லாத, பெரியவருக்கும் சொந்தமில்லாத ஒரு மொழியில் "ஒரு நிமிடம்" என்றிருக்கிறார். அதற்கு இந்தித் திணிப்பாளர் என்ற பட்டம் அவருக்கு!

அவர் எப்போது ஊரைவிட்டு வந்தார் என்று கேட்டீர்களா? மணிப்பூரில் 2023 மே 3-ஆம் தேதி தொடங்கிய வன்முறையில் 200-க்கும் மேற்பட்டோர் இறந்தார்கள். ஏறக்குறைய 60,000 பேர் வீடு இழந்தார்கள். அவர் அங்கிருந்து வந்தவரானால், "வந்த வழியே ஓடு" என்ற சொல் அவருக்கு என்ன பொருள் தரும் என்று யோசியுங்கள். நான் கதை கட்டவில்லை. அவர் வேறு காரணத்துக்காகவும் வந்திருக்கலாம். கேட்டால்தானே தெரியும்.

சில்சார் இளைஞரைப் பற்றி இரண்டு வரி எழுதியிருக்கிறீர்கள். ஜனவரி 25 கூட்டத்துக்குப் போகிற உங்களுக்கு அந்த ஊரின் பெயர் தெரிந்திருக்க வேண்டும். அசாமில் அசாமிய மொழி மட்டுமே ஆட்சிமொழி என்று 1960-இல் சட்டம் வந்தது. சில்சார் இருக்கும், வங்காளம் பேசும் பராக் பள்ளத்தாக்கு எதிர்த்தது. 1961 மே 19 அன்று சில்சார் ரயில் நிலையத்தில் மறியல் செய்தவர்கள்மீது போலீஸ் சுட்டதில் 11 பேர் இறந்தார்கள். அவர்களில் கமலா பட்டாச்சார்யா என்ற 16 வயதுப் பெண்ணும் ஒருவர். நம் கீழப்பழுவூர் சின்னச்சாமி இந்தித் திணிப்பை எதிர்த்துத் திருச்சியில் தீக்குளித்தது 1964 ஜனவரி 25. அதற்கு ஏறத்தாழ மூன்றாண்டுகள் முன்பே அவர்கள் ஊரில் மொழிக்காக உயிர் போயிருக்கிறது. அங்கே மே 19 மொழித் தியாகிகள் நாள். உங்களுக்கு ஜனவரி 25 எப்படியோ அப்படி. அந்த ஊர்க்காரர்தான், "நானும் உள்ளே போய்விடட்டுமா அண்ணா?" என்று உங்களிடம் கேட்கிறார்.

இனி மூன்றாவது விஷயம், மொழிக் கோபம். அது பொய்க் கோபம் என்று நான் சொல்ல மாட்டேன். எனக்கும் உண்டு. வங்கியில் முதியவர் ஒருவர் சலானை நீட்டி நிற்கும்போது உள்ளே இருப்பவர் இந்தியில் கேள்வி கேட்டால் எனக்குப் பற்றிக்கொண்டு வரும். 2020 ஆகஸ்டில் சென்னை விமான நிலையத்தில் ஒரு நாடாளுமன்ற உறுப்பினர், கனிமொழி, தமிழிலோ ஆங்கிலத்திலோ பேசுங்கள் என்று பாதுகாப்புப் படை அதிகாரியிடம் கேட்டபோது, "நீங்கள் இந்தியரா?" என்று கேள்வி வந்ததாக அவர் வெளியிட்டார். அந்த இடங்களில் கவுன்டருக்கு உள்ளே இருப்பவரிடம் முத்திரை இருக்கிறது, துப்பாக்கி இருக்கிறது, "முடியாது" என்று சொல்லும் அதிகாரம் இருக்கிறது. அங்கே நம் மொழியைக் கேட்பது உரிமை. எழுதிக் கேளுங்கள், புகார் கொடுங்கள், நானும் கையெழுத்துப் போடுகிறேன். வங்கிகள் கவுன்டர் பலகைகளையும் படிவங்களையும் மாநில மொழியிலும் வைக்க வேண்டும் என்று ரிசர்வ் வங்கியே அறிவுறுத்தியிருக்கிறது. அதைப் பிடித்துக்கொண்டு சண்டை போடலாம்.

உங்கள் சப்ளையரிடம் என்ன இருக்கிறது? ஒரு சாம்பார் வாளி. அவரால் யாருக்கும் எதையும் மறுக்க முடியாது. வங்கி அதிகாரியிடம் காட்ட முடியாத கோபத்தைப் பலர் அவரிடம் காட்டுகிறார்கள். அவர் திருப்பிப் பேச மாட்டார் என்பது அவர்களுக்குத் தெரியும். 1966-இல் பம்பாயில், மராத்தியர்களுக்கே வேலை என்று சிவசேனை தொடங்கிய காலத்தில் தென்னிந்தியர்களான நம்மவர்களுக்கு நடந்ததும் இதுதான். வேலைவாய்ப்பு பற்றிய கோபம் அலுவலகங்களைப் பற்றியது, ஆனால் கல் விழுந்தது உடுப்பி ஓட்டல் கண்ணாடியில்.

கல்லாப் பெண்ணுக்கு நடந்தது தலைகீழ் உதாரணம் என்று எழுதுகிறீர்கள். எனக்கு அது அப்படியே அதே உதாரணமாகத்தான் தெரிகிறது. இரண்டு நாளும் காசு கொடுக்க வந்தவர், சம்பளத்துக்கு நிற்கிறவரிடம், "நீ எந்த நாடு?" என்று கேட்டிருக்கிறார். அந்த வாடிக்கையாளர் சொன்னது உண்மையும் அல்ல. அரசியலமைப்பின் 343-ஆவது பிரிவு இந்தியை ஒன்றியத்தின் அலுவல் மொழி என்கிறது. தேசிய மொழி என்று எந்த மொழியையும் அரசியலமைப்பு சொல்லவில்லை. 2010-இல் குஜராத் உயர் நீதிமன்றமே இதைச் சொல்லிவிட்டது. இதை லேமினேட் செய்து கல்லாவில் ஒட்டாதீர்கள். பில் வாங்கும் இடத்தில் சட்ட விவாதம் நடத்தினால் வரிசை நீளும், வேறொன்றும் நடக்காது.

2021 அக்டோபரில் உணவு விநியோக நிறுவனம் ஒன்றின் வாடிக்கையாளர் சேவை ஊழியர், தமிழ்நாட்டு வாடிக்கையாளர் ஒருவரிடம் இதே 'தேசிய மொழி' பாடத்தை நடத்தினார். இணையம் கொதித்தது. நிறுவனம் மன்னிப்புக் கேட்டது, ஊழியரை வேலையைவிட்டு நீக்கியது, சில மணி நேரத்திலேயே நிறுவனர் அவரைத் திரும்பச் சேர்த்துக்கொண்டார். அந்த மன்னிப்புக் கடிதத்தில் ஒரு வரி பலர் கண்ணில் படவில்லை. தமிழ் உதவி மையம் ஒன்றை உங்கள் கோவையில் அமைத்துவருவதாக அதில் எழுதியிருந்தார்கள். அதாவது தமிழ்நாடு முழுக்க வியாபாரம் செய்த நிறுவனத்திடம் அதுவரை அந்த ஏற்பாடு இல்லை. ஏற்பாடு செய்யாதது மேலே இருப்பவர். முதலில் வேலை போனது கீழே இருப்பவருக்கு. நீங்கள் செய்ததும் சின்ன அளவில் இதுதான்.

இனி செய்ய வேண்டியவை.

அந்த 860 ரூபாயை இன்றே திருப்பிக் கொடுங்கள். மாதச் சம்பளத்தோடு கலக்காமல் தனியாக, கையில் கொடுங்கள். தொழிலாளியின் கவனக்குறைவால் நேர்ந்த இழப்பு போன்ற சில காரணங்களுக்குத்தான் சட்டம் சம்பளப் பிடித்தத்தை அனுமதிக்கிறது. வாடிக்கையாளர் ஆத்திரத்தில் எழுந்து போனது அதில் சேராது. கணக்கில் எழுதிய மேலாளரும் அருகில் இருக்கட்டும்.

அவரோடு உட்கார்ந்து பேசுங்கள். பாத்திரத் தொட்டி அருகே வேண்டாம். மதியச் சாப்பாடு முடிந்து டிபனுக்கு அடுப்பு மூட்டும் முன், மூன்றரை மணிக்கு ஹால் காலியாக இருக்கும். ஒரு மேஜையில் எதிரெதிரே உட்காருங்கள், இரண்டு காபி வரட்டும். சில்சார் இளைஞர் மொழிபெயர்க்கட்டும். பெரியவர் திட்டியதற்காக நீங்கள் வருத்தம் தெரிவிக்கலாம், ஆனால் அதை முதலில் சொல்லாதீர்கள். "உன்னை மன்னிப்புக் கேட்கச் சொன்னேனே, அது என் தவறு" என்பதை முதலில் சொல்லுங்கள். பிறகு, ஹாலுக்குத் திரும்ப விருப்பமா என்று கேளுங்கள். அவர் உள்ளேயே இருக்கிறேன் என்றால் வற்புறுத்த வேண்டாம். சிலருக்குக் கொஞ்ச நாள் ஆகும். ஆனால் டிப்ஸில் அவருக்கு வந்துகொண்டிருந்த அளவை நீங்கள் ஈடுகட்ட வேண்டும். அவர் பெயரையும் கேட்டுத் தெரிந்துகொள்ளுங்கள். பெரும்பாலான ஓட்டல்களில் இவர்களுக்கு 'ராஜு' என்றோ 'குமார்' என்றோ பெயர் வைத்துவிடுகிறோம். நாக்கு வளையாதாம்! ழகரம் வளைகிற நாக்குக்கு மிசோப் பெயர் வளையாதா?

படம் பிடித்தவர் அதை எங்காவது போட்டிருக்கிறாரா என்று பாருங்கள். 2023 மார்ச் மாதம் உங்களுக்கு நினைவிருக்கும். தமிழ்நாட்டில் பீகார் தொழிலாளர்கள் அடித்துக் கொல்லப்படுகிறார்கள் என்று போலிக் காணொளிகள் பரவின. பீகார் அரசு குழுவையே அனுப்பி விசாரித்தது. அந்தக் காணொளிகள் சொன்னது பொய் என்று தெரிவதற்குள் திருப்பூரிலும் கோவையிலும் எத்தனையோ பட்டறைகள் ஆள் இல்லாமல் நின்றன. உங்கள் ஹாலில் எடுத்த படமோ உண்மையானது. அது அவருடைய அம்மாவின் கைபேசிக்கு எந்தத் தலைப்போடு போய்ச் சேரும் என்று நம்மால் சொல்ல முடியாது. அதற்கு முன் அவரே வீட்டுக்குப் பேசி நடந்ததைச் சொல்லிவிடுவது நல்லது. யாராவது மிரட்டினாலோ கை வைத்தாலோ காவல் நிலையத்துக்கு நீங்களும் கூடப் போங்கள். இனம், பிறந்த இடம், மொழி ஆகியவற்றின் பேரில் பகையை வளர்ப்பதற்கு பாரதிய நியாய சன்ஹிதாவில் 196-ஆவது பிரிவு இருக்கிறது. ஒரு மேஜையில் விழுந்த ஒற்றை வசைக்கு அந்தப் பிரிவு நிற்கும் என்று நான் உறுதி சொல்ல மாட்டேன். புகார் கொடுப்பதா வேண்டாமா என்பதை அவர் முடிவு செய்யட்டும்.

ஹாலில் மறுபடியும் இப்படி நடந்தால் என்ன பேசுவது? இதைத்தான் நான் பயிற்சியில் அதிக நேரம் நடத்துவேன், ஏனென்றால் அந்த நேரத்தில் வாய் தானாக "சாரி சார்" என்றுதான் சொல்லும். 14 ஆண்டு வியாபாரம் நாக்கைப் பழக்கிவைத்திருக்கிறது. முதலில் இருவருக்கும் நடுவில் போய் நில்லுங்கள், உங்கள் முதுகு சப்ளையர் பக்கம், முகம் வாடிக்கையாளர் பக்கம். "ஐயா, சாம்பார் வரவில்லை, அது எங்கள் தவறு. நானே கொண்டுவருகிறேன்" என்று சொல்லி, உண்மையிலேயே கொண்டுவந்து வையுங்கள். வைத்த பிறகு, குரலை உயர்த்தாமல், "ஆனால் எங்கள் ஆளை அப்படிச் சொல்லாதீர்கள், ஐயா" என்று சொல்லுங்கள். அவ்வளவுதான். ஹாலில் சாப்பிட்டுக்கொண்டிருக்கும் மற்றவர்கள் இலையைப் பார்ப்பதுபோல் பாவனை செய்தாலும் உங்களைத்தான் கவனிக்கிறார்கள். அன்று கை தட்டியவர்கள் இரண்டு பேர்தான். மற்றவர்கள் முதலாளி எந்தப் பக்கம் என்று பார்த்துவிட்டு முடிவு செய்தார்கள்.

அவர் நிறுத்தாவிட்டால், "சாப்பிட்டதற்குப் பணம் வேண்டாம், கிளம்புங்கள் ஐயா" என்று சொல்ல உங்களுக்கு உரிமை உண்டு. நடத்தைக்காக ஒருவரை வெளியே அனுப்பலாம். மதம், இனம், சாதி, பாலினம், பிறந்த இடம் ஆகியவற்றைக் காரணம் காட்டி யாரையும் கடைக்குள்ளோ உணவகத்துக்குள்ளோ வரவிடாமல் தடுக்க முடியாது. அரசியலமைப்பின் 15(2) பிரிவு கடைகள், பொது உணவகங்கள் என்று பெயர் சொல்லியே இதை எழுதிவைத்திருக்கிறது. கல்லாப் பெண்ணிடம் கத்தியவரிடமும் இதே இடத்தில் நின்று, இதே சொற்களைச் சொல்லுங்கள். அந்த நாள் நீங்கள் என்ன செய்தீர்கள் என்று கடிதத்தில் எழுதவில்லை. அந்தப் பெண் அழுததை மட்டும் எழுதியிருக்கிறீர்கள்.

போர்டு பற்றி: 'தமிழ் ஆட்கள் மட்டும்' என்று வாசலில் மாட்டினால் உள்ளே இருக்கும் 13 பேரும் அதைத் தாண்டித்தான் தினமும் வேலைக்கு வர வேண்டும். ஆள் கிடைக்காமல் தவிக்கிற நீங்கள் அடுத்த வாரமே கழற்றுவீர்கள் என்பது வேறு விஷயம்.

போர்டுக்குப் பதில் தமிழ் கற்றுக்கொடுங்கள். எனக்குத் தெரிந்து 60 சொற்கள் இருந்தால் ஒருவர் ஹாலில் நிம்மதியாக நிற்கலாம். சாம்பார், சட்னி, ரசம், இன்னும் கொஞ்சம், போதும், சூடாக, காரம் வேண்டாம், பார்சலா, இங்கேயா, கை கழுவும் இடம், ஒன்று முதல் இருபது வரை எண்கள், கொஞ்சம் பொறுங்கள். 'கொஞ்சம் பொறுங்கள்' அன்று அவருக்குத் தெரிந்திருந்தால் பாதி சண்டை இல்லை. இதை வேலை நேரத்துக்குள், சம்பளத்தோடு நடத்துங்கள். பன்னிரண்டு மணி நேரம் நின்றவரை இரவு பதினோரு மணிக்கு உட்காரவைத்து அகரம் சொல்லிக்கொடுத்தால் அவருக்குத் தமிழ்மேல் வெறுப்புத்தான் வரும். அதுவரை மூன்று மேஜைக்கு ஒருவராவது தமிழ் தெரிந்தவர் இருக்கும்படி ஆட்களைப் பிரித்து நிறுத்துங்கள். அசைவமும் இருக்கிற கடையென்றால் இது கட்டாயம், இலை மாறினால் சட்னிச் சண்டை போலச் சின்னதாக முடியாது.

சொல்லிக்கொடுப்பது யார்? உங்கள் மகன். கேலியாகச் சொல்லவில்லை. தமிழுக்கு ஏதாவது செய்ய வேண்டும் என்ற துடிப்பு அவருக்கு இருக்கிறது, அதை நான் மதிக்கிறேன். கல்லூரி முடிந்து நாளும் அரை மணி நேரம் வரட்டும். சில்சார் இளைஞரிடம் மே 19 பற்றிக் கேட்கட்டும். உங்கள் மகன் அவருக்குக் கீழப்பழுவூர் எங்கே என்று சொல்லட்டும். சரிப்பட்டு வருமா என்று நீங்கள் தயங்கினால், இரண்டு வாரம் பாருங்கள்.

கடைசியாக, நீங்கள் கேட்காத ஒரு கேள்வி. அந்தப் பெரியவர் மறுபடி வந்தால்? வருவார். கோவையில் சாம்பார் பிடித்துப்போன கடையை யாரும் எளிதில் விடுவதில்லை. வந்தால் உட்காரவையுங்கள். சப்ளையரை ஒளித்துவைக்காதீர்கள், அவர் வழக்கமான மேஜைகளிலேயே நிற்கட்டும், இந்த மேஜைக்கு மட்டும் அன்று நீங்கள் பரிமாறுங்கள். சாம்பாரைக் கேட்பதற்கு முன்பே ஊற்றுங்கள். அவர் சாப்பிட்டு முடித்துக் கை கழுவி வந்ததும், புதிய பில்லுக்கு அடியில் அந்த 860 ரூபாய் பில்லையும் சேர்த்து வையுங்கள்.